கோமாளியும் வானொலி அண்ணாவும்

கல்வராயன் மலைக்குத் தெற்கே, சேலம்–விருத்தாசலம் இருப்புப்பாதையில் உள்ளது சின்னசேலம். அவ்வூர் முதியவர் ஒருவரிடம், “சிறு வயதில் உங்களைச் சிரிக்க வைத்தவர் யார்?” என்று கேட்டுப் பாருங்கள். அவர் நினைவுக்கு வருவது பெரும்பாலும் முகமாக இராது, குரலாகவே இருக்கும். பஞ்சாயத்து ரேடியோவில் கேட்ட குரல்!

அமெரிக்கச் சிறுவர்களின் அனுபவம் வேறு. அங்கே 1947 டிசம்பர் 27-ஆம் நாள் ‘ஹவ்டி டூடி’ என்னும் தொலைக்காட்சி நிகழ்ச்சி தொடங்கியது. பாப் ஸ்மித் என்பவரும் ஒரு மரப்பொம்மையும் அதன் நாயகர்கள். கூடவே கிளாரபெல் என்றொரு கோமாளி. அவன் வாய் திறந்து பேசமாட்டான்; ஊதுகுழலை அழுத்தி விடை சொல்வான்; சோடா நீரைப் பீய்ச்சியடிப்பான். 1960 செப்டம்பர் 24-இல், கடைசி நிகழ்ச்சியின் முடிவில்தான் முதன்முறையாக வாய் திறந்து குழந்தைகளிடம் விடைபெற்றான்.

நம் நாட்டில் அந்த இடத்தை நிரப்பியவர் ‘வானொலி அண்ணா’. சென்னை வானொலியின் சிறுவர் நிகழ்ச்சியில் அய்யாசாமியும் பின்னர் கூத்தபிரானும் அப்பெயரால் புகழ் பெற்றனர். இலங்கை வானொலியில் ‘வானொலி மாமா’ இருந்தார். பார்த்தீர்களா? அங்கே கோமாளி; இங்கே அண்ணனும் மாமனும். முகம் தெரியாதவரை வீட்டுக்குள் அழைக்க நமக்கு ஓர் உறவுமுறை தேவைப்பட்டது.

சின்னசேலத்துக்கு முகம் வராமல் குரல் மட்டும் வந்ததேன்? காரணம் அலைகளின் இயல்பு. வானொலியின் மத்திய அலை நிலத்தை ஒட்டி வளைந்து செல்லும். 1939-இல் தொடங்கிய திருச்சி நிலையம் சின்னசேலத்திலிருந்து நேர்கோட்டில் 100 கிலோமீட்டருக்குள் இருக்கிறது. தொலைக்காட்சியின் குற்றலையோ ஏறக்குறைய ஒளியைப் போல நேராகச் செல்வது. பூமியின் வளைவு அதை மறைத்துவிடும். 100 மீட்டர் உயரக் கோபுரத்திலிருந்து தரைக்குச் சுமார் 40 கிலோமீட்டரே எட்டும். 1975 ஆகஸ்ட் 15-இல் சென்னைத் தொலைக்காட்சி தொடங்கியது. ஆனால் சின்னசேலமோ 200 கிலோமீட்டருக்கு அப்பால்! செயற்கைக்கோளும் அஞ்சல் நிலையங்களும் 1980-களில் பரவிய பிறகே அந்தத் தடை விலகியது.

இனி ஒரு வருத்தமான செய்தி. தொடக்கக் காலத் தொலைக்காட்சி நேரடியாகவே ஒளிபரப்பாயிற்று. அதைச் சேமிக்க ஒரே வழி, படக்குழாயின் எதிரே திரைப்படக் காமிராவை வைத்துப் படம் பிடிப்பது. அதற்குக் ‘கினெஸ்கோப்’ என்று பெயர். 1956-இல் ஒளிநாடாக் கருவி வந்தது. நாடாவின் மேல் பூசிய இரும்பு ஆக்சைடுத் துகள்களே பதிவைத் தாங்குகின்றன. அவற்றைப் புதிய காந்தப் புலத்தில் காட்டினால் பழைய பதிவு அழிந்து, நாடா மறுபடி பயன்படும். விலை மிகுந்த நாடா அல்லவா? உலகெங்கும் நிலையங்கள் பழையதை அழித்துப் புதியதைப் பதிந்தன. சிறுவர் நிகழ்ச்சிதானே என்று அவற்றைக் காக்க நினைத்தவர் சிலரே. இவ்வாறு எத்தனையோ சிரிப்புகள் மறைந்தன.

வாசகரே! நாடாவில் அழிந்தது சில முதியவர்களின் நினைவில் இன்னும் இருக்கிறது. இன்று பதிவுக் கருவி உங்கள் சட்டைப்பையில், கைப்பேசியாகவே உள்ளது. உங்கள் தாத்தாவையோ பாட்டியையோ அருகில் அமர்த்தி, அந்த அண்ணா எப்படிப் பேசினார் என்று கேளுங்கள். சொல்வதைப் பதிந்து வையுங்கள். அந்த நினைவும் அழிந்துவிட்டால் மீட்பதற்கு எந்தக் கருவியும் இல்லை.