நெடுந்தீவுக் குதிரை

யாழ்ப்பாணக் குடாநாட்டுக்குத் தென்மேற்கே உள்ள நெடுந்தீவின் வெளிகளில் கட்டாக்காலியாகத் திரியும் குதிரைகள் இப்பெயரால் அறியப்படுகின்றன. ஒரு சமூகம் எந்த விலங்கின்மேல் மோகம் கொள்கிறது என்பதில் அதன் அதிகாரமும் பெருமையும் தெரிந்துவிடும். தமிழ்நாட்டில் இராஜபாளையம் நாய்க்கு அந்த மதிப்பு உண்டு; 2005இல் இந்திய அஞ்சல்துறை அதற்குத் தபால்தலை வெளியிட்டது. நெடுந்தீவை உள்ளடக்கிய யாழ்ப்பாணத் தீவகத்தில் அது குதிரைக்கு உரியது.

இங்கே குதிரை மோகம் ஐரோப்பியர் வருகைக்கு முந்தியது. தீவகத்தின் இன்னொரு தீவான நயினாதீவின் நாகபூசணி அம்மன் கோயிலில் உள்ள தமிழ்க் கல்வெட்டு, 12ஆம் நூற்றாண்டில் இலங்கை மன்னன் முதலாம் பராக்கிரமபாகு பிறப்பித்த ஆணை. ஊராத்துறைக்கு, அதாவது இன்றைய ஊர்காவற்றுறைக்கு, வரும் பரதேசி வணிகர் பற்றியது அது. சரக்கேற்றிய மரக்கலம் உடைந்தால் சரிபாதி அரச பண்டாரத்துக்குப் போகும். யானையும் குதிரையும் ஏற்றிவந்த கலம் உடைந்தாலோ காற்பங்குதான், முக்காற்பங்கு உடையவனுக்கே. குதிரை வணிகன் மனம் கசந்து வேறு துறை தேடிவிடக் கூடாதே என்ற கவலை அந்தக் கணக்கில் அப்பட்டமாகத் தெரிகிறது. குதிரை அன்று போர்ப்பலம்; தென்னாட்டு அரசர்கள் அரேபிய, பாரசீகத் துறைகளிலிருந்து பெரும்பொருள் கொடுத்து அதை வாங்கிக்கொண்டிருந்தார்கள்.

1658இல் யாழ்ப்பாணத்தைப் பிடித்த ஒல்லாந்தர், நெடுந்தீவுக்குத் தங்கள் நகரான டெல்வ்ற்றின் பெயரைச் சூட்டி அங்கே குதிரை வளர்த்தார்கள். நாற்புறமும் கடல் வேலி. மேய்ச்சலுக்குப் பரந்த வெளி. முருகைக்கல்லால் கட்டிய குதிரை லாயத்தின் தூண்கள் வெயிலில் கரடுதட்டி இன்றும் வரிசையாக நிற்கின்றன. பின்வந்த பிரித்தானியரும் 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் நோலன் என்ற அதிகாரியின் பொறுப்பில் வளர்ப்பைத் தொடர்ந்தார்கள். பிறகு கைவிட்டார்கள்.

குதிரைகள் தீவிலேயே தங்கிவிட்டன. ஆள வந்தவர்களின் உடைமையாக இருந்தவரை அவற்றில் ஊராருக்கு உரிமை இல்லை. கைவிடப்பட்ட பிறகே அவை ஊரின் அடையாளமாயின. இன்று நெடுந்தீவுக்குப் போகக் குறிகட்டுவான் துறையில் படகேறுபவர் பலருக்கு நெடுந்தீவு என்றதும் நினைவுக்கு வருவது குதிரைதான். 2015இல் தீவின் ஒரு பகுதி தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்டது.

ஆனால் அறிவிப்பு தாகம் தீர்க்காது. கடும் வறட்சியில் நீர்நிலைகள் வற்றிக் குதிரைகள் மாண்டிருக்கின்றன. ஐப்பசி மழை வரும்வரை தொட்டிகளில் தண்ணீர் நிரப்பி வைக்கும் பொறுப்பை உரிய திணைக்களங்கள் ஆண்டுதோறும் தவறாமல் ஏற்க வேண்டும்.