ஊர்க் கட்டுப்பாடும் குழந்தையின் மனவடுவும்: சங்கரன்கோவில் வட்டாரத்தை முன்வைத்து

2022 செப்டம்பரில் தென்காசி மாவட்டம் சங்கரன்கோவில் வட்டத்துப் பாஞ்சாகுளத்தில் எடுக்கப்பட்ட ஒரு காணொலி தமிழ்நாடெங்கும் பரவியது. தின்பண்டம் வாங்க வந்த பட்டியல் சாதிக் குழந்தைகளிடம், ஊரில் கட்டுப்பாடு போட்டிருக்கிறார்கள், இனி உங்களுக்கு எதுவும் தர முடியாது, வீட்டில் போய்ச் சொல்லுங்கள் என்கிறார் கடைக்காரர். என்ன கட்டுப்பாடு என்று ஒரு குழந்தை கேட்கிறது. பதில் கிடைத்தும் புரியாமல் குழந்தைகள் திரும்புகிறார்கள். இரு தரப்புக்கும் இடையில் நிலுவையில் இருந்த பழைய அடிதடி வழக்கைத் திரும்பப் பெற மறுத்ததே இதற்குக் காரணம் என்று அப்போது செய்திகள் வந்தன. பெரியவர்களின் வழக்குக்குப் பிள்ளைகளைத் தண்டிக்க அந்த ஊரின் ஒரு பகுதி முடிவெடுத்தது.

அரசு விரைந்து செயல்பட்டது. வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் வழக்குப் பதிவானது, கைதுகள் நடந்தன, கடைக்குச் சீல் வைக்கப்பட்டது. அதே சட்டத்தின் 10ஆம் பிரிவு அரிதாகவே எடுத்தாளப்படுவது. காவல்துறை அதன்கீழ் நீதிமன்றத்தை நாட, குற்றம் சாட்டப்பட்ட ஐந்து பேரும் ஆறு மாத காலம் ஊருக்குள் நுழையக் கூடாது என்று திருநெல்வேலிச் சிறப்பு நீதிமன்றம் ஆணையிட்டது. ஒரு தென் தமிழகச் சிற்றூரில், விலக்கி வைக்கப்பட்டவர்கள் இருக்க, விலக்கி வைத்தவர்கள் வெளியேற வேண்டியதாயிற்று.

இந்த ஆணையைச் சட்ட வரலாற்றின் ஒரு நிகழ்வாகப் பலரும் எழுதியிருக்கிறார்கள். குழந்தைகளின் மனவடுவுக்கான பராமரிப்பில் அது முதல் படி என்று கொள்ள வேண்டும் என்பதும், அந்தப் படிக்கு மேல் ஏற நம்மிடம் படிகளே கட்டப்படவில்லை என்பதும் இக்கட்டுரையின் வாதம்.

மனவடுவை அறிந்த பராமரிப்பு என்று இன்று உலகெங்கும் பேசப்படும் அணுகுமுறையின் அடித்தளத்தில் ஜூடித் ஹெர்மன் 1992இல் எழுதிய நூல் இருக்கிறது. மீட்சிக்கு மூன்று கட்டங்களை அவர் வகுத்தார்: பாதுகாப்பு, நினைவுகூர்ந்து துக்கித்தல், மீண்டும் பிறரோடு இணைதல். முதலாவது இல்லாமல் மற்ற இரண்டும் நடவா. அமெரிக்க அரசின் மனநல, போதைப்பொருள் சேவை நிறுவனம் 2014இல் வெளியிட்ட ஆறு கொள்கைகளிலும் பாதுகாப்பே முதலிடம் பெற்றது. வன்முறை செய்தவர் அடுத்த தெருவில் இருக்கும்போது, பாதிக்கப்பட்டவரை உட்கார வைத்து மனதைத் திறந்து பேசச் சொல்வது பராமரிப்பு ஆகாது.

சாதி இழிவுக்கு ஆளான குழந்தைக்கு இந்தக் கொள்கை பொருந்துவதில் ஒரு சிக்கல் உண்டு. விபத்தோ வெள்ளமோ ஒருமுறை வந்து போகும். அதன் பின் என்று ஒரு காலம் இருக்கும். ஊர்க் கட்டுப்பாட்டில் அந்தப் 'பின்' கிடையாது. காயப்பட்ட இடமும் வாழும் இடமும் ஒன்றே. பள்ளிக்குப் போகும் வழியில் அதே கடை. வகுப்பில் அந்தத் தெருப் பிள்ளைகள். பேருந்து நிறுத்தத்தில் அந்த வீட்டுப் பெரியவர்கள். வீட்டுக்கு வந்தால் அம்மா சொல்கிறாள், இனி அந்தப் பக்கம் போகாதே என்று. பிள்ளையைக் காப்பதற்காகவே சொல்கிறாள். ஆனால் தன்னைக் காக்கும் வலிமை தன் தாய் தகப்பனிடம் இல்லை என்பதையும் குழந்தை அந்தச் சொல்லிலிருந்தே கற்கிறது. கடைக்காரர் சொன்னதைவிட இது ஆழமாக இறங்கக்கூடியது என்று நினைக்கிறேன். அதனால்தான் குழந்தையை மட்டும் தனியே அழைத்துப் பேசும் எந்தத் திட்டமும் பாதி வேலையாகவே நின்றுவிடுகிறது. பெற்றோர் இழந்தது தங்கள் பிள்ளையின் கண்ணில் தங்களுக்கிருந்த மதிப்பை. அது மீளாமல் குழந்தை மீளாது.

இந்த வகைக் காயத்தை அளக்கும் கருவிகளே தாமதமாகத்தான் வந்தன. குழந்தைப் பருவத் துன்பங்களுக்கும் பிற்கால நோய்களுக்கும் உள்ள தொடர்பைக் காட்டி 1998இல் பெலிட்டியும் ஆண்டாவும் வெளியிட்ட ஆய்வு ஒன்பதாயிரத்துக்கும் மேற்பட்டோரைக் கொண்டு கலிபோர்னியாவில் நடந்தது. இன்று அதன் அடிப்படையில் வழங்கும் பத்து வினாக்களும் வீட்டுக்குள் நிகழ்பவை பற்றியவை: அடி, புறக்கணிப்பு, பெற்றோரின் குடி, பிரிவு, சிறை. ஊர் ஒரு குழந்தையை எப்படி நடத்தியது என்ற வினா அதில் இல்லை. பின்னர் பிலடெல்பியாவில்தான் இனப் பாகுபாட்டையும் அக்கம்பக்க வன்முறையையும் சேர்த்துக் கேட்கத் தொடங்கினார்கள். பாஞ்சாகுளத்துக் குழந்தை ஒன்று பழைய வினாத்தாளுக்கு விடை சொன்னால், அன்பான வீடு என்று சுழியம் மதிப்பெண் வாங்கி, எந்தக் காயமும் இல்லாத பிள்ளை என்று பதிவாகிவிடும்.

சாதி குழந்தையின் மூளைக்குள் என்ன செய்கிறது என்பதற்கு இந்தியச் சான்று ஒன்று உண்டு. கார்லா ஹாப், பிரியங்கா பாண்டே இருவரும் உத்தரப் பிரதேசத்தில் ஆறாம், ஏழாம் வகுப்புச் சிறுவர்களிடம் புதிர்வழிப் படங்களைக் கொடுத்துத் தீர்க்கச் சொன்னார்கள். சாதி தெரியாதபோது, ஒடுக்கப்பட்ட சாதிச் சிறுவர்கள் மற்றவர்களுக்குச் சமமாகவே தீர்த்தார்கள். எல்லோர் முன்னிலையிலும் சாதிப் பெயரைச் சொல்லி அறிவித்த பிறகு அவர்களுடைய திறன் சரிந்தது. யாரும் அடிக்கவில்லை, யாரும் திட்டவும் இல்லை. பெயரைச் சொன்னதே போதுமானதாக இருந்தது. வருகைப் பதிவேட்டையும் உதவித்தொகைப் பட்டியலையும் வகுப்பறையில் உரக்க வாசிக்கும் ஆசிரியர் ஒவ்வொருவரும் அறிய வேண்டிய முடிவு இது.

இத்தகைய காயம் எவ்வளவு காலம் தங்கும் என்பதற்கு அம்பேத்கரே சான்று. அவர் 1901இல் சிறுவனாகத் தந்தையைக் காணக் கோரேகாவுக்குச் சென்றபோது, சாதி தெரிந்ததும் வண்டிக்காரர்கள் ஏற்ற மறுத்ததையும் இரவெல்லாம் குடிக்கத் தண்ணீர் கிடைக்காமல் போனதையும், ஏறத்தாழ முப்பத்தைந்து ஆண்டுகள் கழித்து விவரம் விவரமாக எழுதினார். கொலம்பியா, இலண்டன் பட்டங்களுக்குப் பிறகும் அந்த இரவு அவரிடம் இருந்தது.

இங்கே ஓர் எதிர்வாதத்தை எடைபோட வேண்டும். சாதிக் கொடுமையை மனவடு என்று பேசுவது, அரசியல் சிக்கலை மருத்துவமனைச் சீட்டாக மாற்றிவிடும். ஒடுக்கியவனை விட்டுவிட்டு ஒடுக்கப்பட்டவனை நோயாளியாக்கும் என்பது அந்த வாதம். டெரெக் சம்மர்பீல்ட் 1999இல் போர்ப் பகுதிகளின் உளவியல் திட்டங்களைப் பற்றி ஏறக்குறைய இதையே சொன்னார். அதில் உண்மை இருக்கிறது. ஆனால் அதற்கான விடை யாழ்ப்பாணத்தில் உருவானது. போருக்கு நடுவே உளமருத்துவராகப் பணியாற்றிய தயா சோமசுந்தரம், தனி மனிதரின் அறிகுறிகளோடு நின்றுவிடாமல், காயப்பட்டது சமூகம் என்று வாதிட்டார்; குடும்பத்தையும் ஊரையும் மீட்டெடுப்பதே சிகிச்சை என்றார். 2004 ஆழிப்பேரலைக்குப் பின் நாகப்பட்டினம் கடலோரத்தில் பெங்களூர் நிம்ஹான்ஸ் நிறுவனமும் ஊர்க்காரர்களையும் ஆசிரியர்களையும் பயிற்றுவித்தே மனநலப் பணியை விரித்தது. மனவடு என்ற பார்வை ஊரை மன்னித்து விடுவிக்க வேண்டியதில்லை. ஊரையே சிகிச்சைக்கு உட்படுத்தலாம். பத்தாம் பிரிவின் ஆணை செய்தது அதைத்தான்: நோயின் இடத்தைச் சரியாகக் குறித்தது.

அதன் பிறகு என்ன இருக்கிறது? வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் 2015 திருத்தம் சேர்த்த 15ஏ பிரிவு, பாதிக்கப்பட்டோருக்கும் சாட்சிகளுக்கும் பாதுகாப்பு, பயணச் செலவு, பராமரிப்புச் செலவு, சமூகப் பொருளாதார மறுவாழ்வு, இடமாற்றம் ஆகியவற்றை உரிமையாக்குகிறது. நல்ல பிரிவு. ஆனால் அது வளர்ந்தவரை மனதில் வைத்து எழுதப்பட்டது. குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்கும் போக்சோ சட்டத்தோடு ஒப்பிட்டால் இடைவெளி தெரியும். 2020 போக்சோ விதிகளின்படி, குழந்தைகள் நலக் குழு ஓர் ஆதரவு நபரை அமர்த்தலாம். புலன்விசாரணை தொடங்கி வழக்கு முடியும்வரை குழந்தையுடன் இருந்து, நடப்பதைப் புரியும்படி சொல்லி, குடும்பத்துக்கும் துணை நிற்பது அவர் வேலை. சாதிக் கொடுமைக்கு ஆளான குழந்தைக்கும் அப்படி ஒருவரைத் தர என்ன தடை? குழு ஏற்கெனவே இருக்கிறது, மாவட்டக் குழந்தைகள் பாதுகாப்பு அலகும் இருக்கிறது. வன்கொடுமை வழக்கில் பாதிக்கப்பட்டவரோ சாட்சியோ பதினெட்டு வயதுக்குக் கீழிருந்தால் அதைக் குழந்தைகள் நலக் குழுவுக்கு உடனே தெரிவிக்க வேண்டும் என்று மாநில அரசு ஓர் ஆணை பிறப்பித்தாலே பாதித் தொலைவைக் கடந்துவிடலாம்.

காணொலி பற்றியும் சொல்ல வேண்டும். நீதிக்கு அதுவே ஆதாரம். ஆனால் அந்தக் குழந்தைகளின் முகங்களும் அதோடு தொலைக்காட்சிகளுக்கும் கைப்பேசிகளுக்கும் போயின. 2015 இளைஞர் நீதிச் சட்டத்தின் 74ஆம் பிரிவு, குற்றத்துக்கு ஆளான அல்லது சாட்சியான குழந்தையை அடையாளம் காட்டக் கூடாது என்கிறது. குழந்தையின் பக்கம் நின்று கோபப்பட்டவர்களும் முகத்தை மறைக்காமல்தான் பகிர்ந்தார்கள். அந்தக் குழந்தை வளர்ந்த பிறகு ஒரு தேடலில் தன் ஏழு வயது அவமானம் அதற்கே கிடைக்கும் என்பதை அவர்கள் எண்ணிப் பார்க்கவில்லை.

2023 ஆகஸ்டில் நாங்குநேரியில் ஒரு பிளஸ் டூ மாணவரையும் அவருடைய தங்கையையும் உடன் படித்தவர்களே வீடு புகுந்து வெட்டிய பின், நீதியரசர் கே. சந்துரு தலைமையில் ஒருநபர் குழு அமைந்தது. 2024 ஜூன் 18 அன்று அறிக்கை தந்தது. சாதிக் கயிறுகள், பள்ளிப் பெயர்களில் சாதி, இருக்கை வரிசை என்று எவரும் தொடத் தயங்கியதைத் தொட்டது அவ்வறிக்கை. அதை நான் பெரிதும் மதிக்கிறேன். ஆனால் அதன் பார்வை முதன்மையாக அரிவாள் எடுக்கக்கூடிய வயதின் மீது விழுகிறது. ஐந்நூறு மாணவருக்கு மேற்பட்ட பள்ளிகளுக்கு நல அலுவலர் என்கிறது. அறநெறி வகுப்பு ஆறாம் வகுப்பிலிருந்து என்கிறது. மிட்டாய் மறுக்கப்படும் குழந்தை ஒன்றாம் வகுப்பிலோ மூன்றாம் வகுப்பிலோ இருக்கிறது. அதன் பள்ளியில் ஐந்நூறு பேர் ஒருபோதும் இருக்கப் போவதில்லை.

மறுபுறத்துக் குழந்தையும் இந்த இடைவெளியில்தான் விழுகிறது. 2023 செப்டம்பரில் எட்டயபுரம் அருகே உசிலம்பட்டியில், பட்டியல் சாதிப் பெண் சமைத்த காலை உணவைப் பிள்ளைகள் தொடவில்லை. அமைச்சரும் நாடாளுமன்ற உறுப்பினரும் போய் உடன் அமர்ந்து சாப்பிட்டார்கள். பசித்த வயிற்றோடு தட்டைத் தள்ளி வைக்கப் பழக்கப்பட்ட பிள்ளைக்கும் ஏதோ ஊறு நேர்ந்திருக்கிறது. இரண்டையும் ஒரே தட்டில் நிறுக்க முடியாது. ஆனாலும் அதைப் பள்ளி கண்டுகொண்டாக வேண்டும்.

திருநெல்வேலியிலிருந்து சங்கரன்கோவில் போகும் சாலையில் உள்ள பனவடலிசத்திரத்தை எடுத்துக்கொள்வோம். சுற்றிலும் மானாவாரி நிலங்கள், பீடி சுற்றி வாழும் வீடுகள். ஒரு குழந்தை இரவில் அலறி எழுகிறது, பள்ளிக்குப் போக மறுக்கிறது என்றால் தாய் எங்கே போவாள்? மாவட்ட மனநலத் திட்டம் காகிதத்தில் அவளுக்கும் உரியது. 14416இல் டெலி-மனாஸ் மனநல உதவி எண், 1098இல் குழந்தைகள் உதவி எண் இருக்கின்றன. ஆனால் அரசு மருத்துவமனைக்குப் போய்வர ஒரு நாள் பீடிக் கணக்கு போய்விடும். 'பிள்ளைக்கு மனசு சரியில்லை' என்ற பெயர் தெருவில் நிற்கும். ஆகவே உதவி அவள் தெருவுக்கு வர வேண்டும், அவளுக்குத் தெரிந்த முகத்தோடு வர வேண்டும். 2021இல் தொடங்கிய இல்லம் தேடிக் கல்வித் திட்டம் அந்த வழியைக் காட்டியது. அந்தந்தக் குடியிருப்பைச் சேர்ந்த தன்னார்வலர், பெரும்பாலும் பெண்கள், மாலையில் பிள்ளைகளோடு அமர்ந்தார்கள். அங்கன்வாடிப் பணியாளரும் அவர்களும் சேர்ந்து, அதிர்ந்துபோன குழந்தையை அடையாளம் காணவும், பெற்றோரிடம் பழி சொல்லாமல் பேசவும், தேவைப்பட்டால் மாவட்ட ஆற்றுப்படுத்துநரை வரவழைக்கவும் பயிற்சி பெறலாம். பட்டியல் சாதிக் குடியிருப்புக்கு அந்தக் குடியிருப்பிலிருந்தே ஒருவர் என்பதில் விட்டுக்கொடுக்கக் கூடாது. யாரை நம்பலாம் என்பதைக் குழந்தை ஏற்கெனவே கற்றுக்கொண்டுவிட்டது.

விலக்கி வைக்கும் ஆணைக்கு ஒரு முடிவு நாள் உண்டு. அந்த நாளில் குற்றம் சாட்டப்பட்டவர்கள் சட்டப்படி ஊர் திரும்பலாம். பிணை உள்ளிட்ட நீதிமன்ற நடவடிக்கைகளைப் பாதிக்கப்பட்டவருக்கு உரிய காலத்தில் அறிவிக்க வேண்டும் என்று 15ஏ பிரிவு சொல்கிறது. அந்த அறிவிப்பு தகப்பன் கையில் தரப்படும் ஒரு தாள். குழந்தையிடம் யார் சொல்வது, கடை மறுபடி திறந்தால் எந்த வழியாகப் பள்ளிக்குப் போவது, யார் உடன் வருவது, மறுபடி ஏதாவது சொன்னால் யாரிடம் சொல்வது? ஆதரவு நபரின் பணி விளக்கத்தில் முதலில் எழுத வேண்டியவை இந்தக் கேள்விகள். ஆணை முடிவதற்கு ஒரு மாதம் முன்பே அவர் அந்த வீட்டுத் திண்ணையில் போய் உட்கார வேண்டும்.