கம்பிக்கு அப்பால் ஒரு நதி (வரலாற்றுத் தொடர் – பகுதி 3)

தொலைபேசியில் மனைவியோடு பேசிக்கொண்டிருக்கிறார் அந்த இசையமைப்பாளர். அவள் குழந்தையோடு நகரின் வேறொரு மூலையில் இருக்கிறாள். ஜெர்மானியர்கள் வந்துவிட்டார்கள் என்கிறாள். பேச்சு அறுந்துபோகிறது.

சென்ற வாரம் இங்கேதான் நிறுத்தினோம்.

‘கனால்’ படத்தில் மிஹாவ் என்ற அந்த இசையமைப்பாளராக நடித்தவர்தான் நம் தொடரின் நாயகர் விளாடெக் ஷெய்பால். கதை நடப்பது 1944 செப்டம்பர் கடைசியில். வார்சா எழுச்சி தொடங்கி 56 நாள் ஆகிவிட்டது. மோகோடூஃப் பகுதியில் 43 பேர் மட்டுமே மிஞ்சிய ஒரு படைப்பிரிவைப் பகைவர்கள் வளைத்துவிட்டார்கள். நகர மையத்துக்குப் போக ஒரே வழி பாதாளச் சாக்கடை. அவர்களுடைய கடைசி மணிநேரங்களைத்தான் காணப்போகிறோம் என்று படத்தின் தொடக்கத்திலேயே பின்னணிக் குரல் சொல்லிவிடுகிறது. இனி யார் பிழைப்பார் என்ற கேள்வியே இல்லை. ஒவ்வொருவரும் எப்படி உடைகிறார் என்பதுதான் கதை.

இந்தக் கதையை எழுதிய யெர்ஸி ஸ்டெஃபான் ஸ்தாவின்ஸ்கி கற்பனையில் எதையும் தேடவில்லை. எழுச்சியில் போராடி, அதே பாதாளச் சாக்கடைக்குள் வீரர்களோடு இறங்கியவர் அவர். இயக்குநர் ஆந்த்ரே வாய்தாவுக்கு அது இரண்டாவது முழுநீளப் படம்.

மிஹாவ் போர்வீரன் அல்ல. அந்தக் கூட்டத்தோடு வந்து ஒட்டிக்கொண்ட கலைஞன். இடிந்த வீட்டில் கிடக்கும் பியானோவை மற்றவர்களுக்காக வாசித்துக்காட்டியவன். கீழே, இடுப்பளவு கழிவுநீரிலும் மூச்சடைக்கும் ஆவியிலும் அவன் புத்தி மெல்லத் தடம் மாறுகிறது. ஷெய்பால் அங்கே அலறவில்லை, தலையில் அடித்துக்கொள்ளவில்லை. தாந்தேயின் நரகத்தைப் பற்றி ஏதோ சொல்கிறார். ஒகரினா என்ற மண் ஊதலை எடுத்து வாயில் வைக்கிறார். யாரையும் திரும்பிப் பார்க்காமல், ஊதியபடியே இருட்டுக்குள் நடக்கிறார். உருவம் மறைந்த பிறகும் ஓசை கேட்டுக்கொண்டிருக்கிறது. பித்துப்பிடித்த மனிதனைத் திரையில் எத்தனையோ பேர் நடித்துவிட்டார்கள். இவ்வளவு அடக்கமாக, இவ்வளவு கொடுமையாக நடித்தவர்கள் மிகக் குறைவு என்பேன்.

அதே படத்தில் இன்னொரு காட்சி. அதில் ஷெய்பால் இல்லை. ஆனாலும் அவருடைய எஞ்சிய வாழ்நாள் முழுவதையும் அந்தக் காட்சியோடு சேர்த்துத்தான் பார்க்க வேண்டியிருக்கிறது. காயம்பட்ட காதலனைத் தாங்கிப் பிடித்தபடி ஒரு பெண் வெளிச்சத்தைத் தேடி வருகிறாள். வெளிச்சமும் தெரிகிறது. குறுக்கே இரும்புக் கம்பிகள். கம்பிக்கு அப்பால் விஸ்துலா நதி, அதன் மறுகரை. வேறு எதையும் வாய்தா காட்டவில்லை, காட்டவும் முடியாது. 1944 செப்டம்பர் நடுவிலிருந்தே அந்த மறுகரையில் சோவியத் படை நின்றிருந்தது. எழுச்சியைக் காப்பாற்றும் அளவுக்கு அங்கிருந்து உதவி வரவில்லை. கம்யூனிஸ்ட் ஆட்சியின் கீழ் அதை வாய்விட்டுச் சொல்ல எந்தப் படத்துக்கும் அனுமதி கிடையாது. வார்சாவின் திரையரங்கில் உட்கார்ந்திருந்தவர்களுக்குச் சொல்லித்தர வேண்டிய தேவையும் இல்லை.

1957-இல் படம் வெளியானபோது உள்ளூரில் பலருக்கு மனத்தாங்கல். தங்கள் பிள்ளைகள் வீரர்களாக மடிவதைக் காண வந்தவர்களுக்கு, சாக்கடையில் திணறுவதைக் காண நெஞ்சு தாங்கவில்லை. கான் திரைப்பட விழாவோ நடுவர் குழுவின் சிறப்புப் பரிசை வழங்கியது. அதைப் பகிர்ந்துகொண்ட மற்றொரு படம் பெர்க்மனின் ‘ஏழாவது முத்திரை’.

ஒரு நடிகருக்கு இதைவிட நல்ல தொடக்கம் அமையுமா? ஷெய்பாலுக்கு வயது 34. அதே ஆண்டில் அவர் போலந்தை விட்டு வெளியேறினார்.

போய்ச் சேர்ந்த இடம் இங்கிலாந்து. நடிகன் நாடு மாறினால் அவன் தொழிற்கருவியே மாறிவிடுகிறது. ஓவியரின் தூரிகைக்கு எந்த ஊரானாலும் ஒன்றுதான். நடிகனின் நாக்குக்கு அப்படி இல்லை. ஷெய்பாலின் ஆங்கிலத்தில் கிழக்கு ஐரோப்பாவின் சாயல் கடைசிவரை ஒட்டியிருந்தது. நாயகன் வேடத்துக்கான கதவு அதனால் மூடிக்கொண்டது. வேறொரு கதவு திறந்தது. ‘விமன் இன் லவ்’ படத்தில் ஜெர்மானியச் சிற்பி, ‘ஷோகன்’ தொடரில் போர்த்துக்கீசியக் கப்பல் தலைவன், ‘தி விண்ட் அண்ட் தி லயன்’ படத்தில் மொராக்கோவின் பாஷா. ஆங்கிலேயன் அல்லாத யார் வேண்டுமானாலும் ஆகலாம் என்றொரு விசித்திரமான இடத்தை அவர் பிடித்தார். அந்த வரிசையில் 1984-இல் வந்த ‘ரெட் டான்’ படமும் உண்டு. விஸ்துலாவின் மறுகரையில் நின்ற அதே படையின் சீருடையை, ஒரு தளபதியாக, அவர் அணிந்துகொண்ட கதையைப் பின்னர் விரிவாகப் பார்ப்போம். அதற்குள் அவரை உலகம் முழுவதும் கொண்டுபோய்ச் சேர்த்த வேடம் வந்தாக வேண்டும்.

1962 அக்டோபரில் முதல் ஜேம்ஸ் பாண்ட் படம் லண்டனில் வெளியாகி வசூலை அள்ளியது. உடனே இரண்டாவது படத்துக்கான வேலை தொடங்கியது. பெயர் ‘ஃப்ரம் ரஷ்யா வித் லவ்’. அதில் க்ரோன்ஸ்டீன் என்று ஒரு சதுரங்க வீரன். பாண்டை வீழ்த்தும் சதித்திட்டம் முழுவதும் அவன் மூளையில் பிறந்தது. ஆனால் திரையில் அவனுக்குக் கிடைப்பது ஒரு சதுரங்க ஆட்டம், திட்டத்தை விளக்க ஒரு காட்சி, பிறகு ஒரு மரணம். படம் முடிவதற்குள்ளேயே அவன் கதை முடிந்துவிடும். வாய்தாவின் படத்தில் நடித்தவருக்கு இது எம்மாத்திரம்? ஷெய்பால் தயங்கினார். ஒப்புக்கொள்ள மனம் வரவில்லை.

அவர் விலகியிருந்தால் க்ரோன்ஸ்டீனை இன்று யாரும் நினைவில் வைத்திருக்க மாட்டார்கள் என்பது என் உறுதியான எண்ணம். விலகவிடாமல் வற்புறுத்த ஒருவர் வந்தார். அவர் தயாரிப்பாளர் அல்ல, இயக்குநரும் அல்ல. க்ரோன்ஸ்டீன் யாரைத் தீர்த்துக்கட்டத் திட்டம் போடுகிறானோ அந்த ஜேம்ஸ் பாண்டேதான். ஷெய்பாலின் நண்பர், ஷான் கானரி!

(தொடரும்)

அடுத்த வாரம்: 1960-இல் லெனின்கிராடில் ஸ்பாஸ்கி ஆடிய ஆட்டம், வெனிஸ் நகரத்துச் சதுரங்க மேசைக்கு வந்தது எப்படி? பலகையிலிருந்து காணாமல்போன இரண்டு சிப்பாய்கள் எங்கே?