எல்.ஈ. ஆஷ்லிங் (பி23)

எல்.ஈ. ஆஷ்லிங் என்பது அயர்லாந்தின் கடற்படைச் சேவையில் 1980 முதல் 2016 வரை பணியாற்றிய ரோந்துக் கப்பல் ஆகும். இதன் அடையாள எண் பி23. 'எல்.ஈ.' என்பது ஐரிஷ் மொழியில் 'அயர்லாந்துக் கப்பல்' எனப் பொருள்படும் சொற்களின் சுருக்கம். 'ஆஷ்லிங்' என்னும் சொல் கனவைக் குறிக்கும்; அயர்லாந்தில் பெண்களுக்கு இடும் பெயராகவும் வழங்குகிறது. 1985இல் ஏர் இந்தியா 182 விமானம் அழிந்தபோது உடல்களை மீட்ட கப்பல் என்ற வகையில் இந்தியாவோடும் இதற்குத் தொடர்பு உண்டு. ஓய்வுபெற்றபின் ஏலத்தில் விற்கப்பட்ட இக்கப்பல், ஐக்கிய நாடுகள் அவையின் ஆயுதத் தடையை மீறி லிபியாவில் மீண்டும் போர்க்கப்பலானது.

பின்னணி

அயர்லாந்துக் கடற்படைச் சேவை 1946இல் நிறுவப்பட்டது. பிரித்தானியாவிடம் வாங்கிய பழைய கொர்வெட் வகைக் கப்பல்கள் மூன்றே நெடுங்காலம் அதன் முழுப் பலமாக இருந்தன. அவை 1970ஆம் ஆண்டளவில் பயனற்றுப் போயின. அயர்லாந்திலேயே கட்டப்பட்ட முதல் ரோந்துக் கப்பலான டெய்ட்ரா 1972இல் சேவைக்கு வந்தது.

1973இல் அயர்லாந்து ஐரோப்பியப் பொருளாதாரச் சமூகத்தில் சேர்ந்தது. அதன்பின் சில ஆண்டுகளில் மீன்பிடி எல்லை கரையிலிருந்து 200 கடல் மைல் வரை விரிந்தது. நிலப்பரப்பைவிடப் பன்மடங்கு பெரிய இக்கடலைக் காக்க ஓரிரு கப்பல்கள் போதா என்பது தெளிவானது. வெளிநாட்டு மீன்பிடிக் கலங்களையும் உள்ளடக்கிய பொதுக் கடல்வளத்தைக் காக்கும் பணி என்பதால், செலவில் ஒரு பகுதியை ஐரோப்பியச் சமூகமே ஏற்றது. இத்தகைய சிறிய கடற்படைக்கு மீன்பிடிக் கண்காணிப்பே அன்றாட வேலை. போர் என்பது பெரும்பாலும் பயிற்சியில் மட்டுமே.

கட்டுமானம்

டெய்ட்ராவின் வடிவமைப்பை நீட்டித் திருத்தி எமர் (1978), ஈஃபா (1979), ஆஷ்லிங் (1980) ஆகிய மூன்று கப்பல்கள் கட்டப்பட்டன. புதியவற்றின் நீளம் சுமார் 65 மீட்டர். அத்திலாந்திக்கின் நீண்ட அலைகளில் குட்டையான கப்பல் மிகுதியாக ஆடும் என்பதால் இந்நீட்டிப்பு வெறும் அளவு மாற்றம் அன்று. நான்கு கப்பல்களும் கார்க் துறைமுகப் பகுதியின் ரஷ்புரூக்கில் இருந்த வெரோல்ம் கப்பல் கட்டும் தளத்தில் உருவாயின. டச்சுத் தொழிலதிபர் கோர்னெலிஸ் வெரோல்ம் தொடங்கிய அத்தளம் 1984இல் மூடப்பட்டது.

1980 மே 21 அன்று சேவையில் இணைந்த ஆஷ்லிங்கின் இடப்பெயர்ச்சி ஏறத்தாழ 1,000 டன், அகலம் 10.5 மீட்டர். இரண்டு டீசல் இயந்திரங்கள் மணிக்கு 17 கடல் மைல் வரை வேகம் தந்தன. முகப்பில் ஒரு 40 மி.மீ. போஃபர்ஸ் பீரங்கியும், இரண்டு 20 மி.மீ. துப்பாக்கிகளும் பொருத்தப்பட்டிருந்தன. பணிக்குழுவினர் 46 பேர்.

சேவை

1984 செப்டம்பர் 29 அன்று ஆஷ்லிங், எமர் ஆகிய இரண்டும் தென்மேற்குக் கரையோரம் மரிட்டா ஆன் என்னும் மீன்பிடிப் படகை மடக்கின. அமெரிக்காவிலிருந்து ஐரிஷ் குடியரசுப் படைக்கு அனுப்பப்பட்ட சுமார் 7 டன் ஆயுதங்கள் அதில் இருந்தன. அடுத்த மாதமே, நிற்க மறுத்த சோனியா என்னும் எசுப்பானிய இழுவலைக் கப்பலை ஆஷ்லிங் பல மணிநேரம் துரத்திச் சுட்டது. சோனியா பின்னர் மூழ்கியது, அதிலிருந்தோர் காப்பாற்றப்பட்டனர்.

ஏர் இந்தியா 182

1985 ஜூன் 23 காலை, மொன்றியாலிலிருந்து லண்டன் வழியாக டெல்லி செல்லவிருந்த 'கனிஷ்கா' என்னும் போயிங் 747 விமானம், சுமார் 31,000 அடி உயரத்தில் குண்டு வெடித்து அயர்லாந்துக்குத் தென்மேற்கே கடலில் விழுந்தது. அதிலிருந்த 329 பேரும் இறந்தனர். வணிகக் கப்பல் ஒன்று முதலில் சிதைவுகளைக் கண்டது. விரைந்து சென்ற ஆஷ்லிங் கடற்பரப்பில் நடந்த தேடுதலை ஒருங்கிணைக்கும் பொறுப்பை ஏற்றது.

உயிர் பிழைத்தவர் எவரும் இருக்கக்கூடும் என்ற நம்பிக்கையில் தொடங்கிய பணி விரைவில் உடல்களைச் சேகரிக்கும் பணியாயிற்று. மாலுமிகள் காற்றடைத்த ரப்பர் படகுகளில் சென்று, எண்ணெயும் சிதைவும் பரவிய நீரிலிருந்து உடல்களைக் கையால் தூக்கி ஏற்றினர். ஆஷ்லிங் 38 உடல்களைக் கரைசேர்த்தது. இறந்தோரில் பாதிக்கும் குறைவானோரின் உடல்களே மொத்தத்தில் கிடைத்தன என்பதை நோக்க, இந்த எண்ணின் பொருள் விளங்கும். பணிக்குழுவினர் சிலருக்குச் சிறப்புச் சேவைப் பதக்கம் வழங்கப்பட்டது. இறந்தோருக்கான நினைவிடம் மேற்குக் கார்க்கின் அஹகிஸ்டாவில் அமைந்துள்ளது.

ஓய்வும் விற்பனையும்

36 ஆண்டுச் சேவைக்குப்பின் 2016 ஜூன் 22 அன்று கால்வே நகரில் ஆஷ்லிங் ஓய்வு பெற்றது. ஆயுதங்கள் அகற்றப்பட்டு, 2017 மார்ச்சில் பொது ஏலத்தில் 1,10,000 யூரோவுக்கு ஒரு டச்சுக் கப்பல் தரகருக்கு விற்கப்பட்டது. 'ஆவன்ஹார்ன்' எனப் பெயர் மாறியது. பின்னர் ஐக்கிய அரபு அமீரக நிறுவனம் ஒன்றுக்குக் கைமாறிய கப்பல், 2018 மே மாதம் லிபியாவின் பெங்காசியை அடைந்தது. அங்கு கலீபா ஹஃப்தரின் படைகள் அதற்கு 'அல் கராமா' எனப் பெயரிட்டன. 'கண்ணியம்' எனப் பொருள்படும் இப்பெயர், 2014இல் அவர் தொடங்கிய இராணுவ நடவடிக்கையின் பெயரே ஆகும்.

லிபியாவின் மீது 2011 முதல் ஐ.நா. ஆயுதத் தடை விதித்திருந்தது. ஐ.நா. வல்லுநர் குழு 2018ஆம் ஆண்டு அறிக்கையில் இக்கைமாற்றத்தைத் தடைமீறல் எனக் குறிப்பிட்டது. அக்குழுவின் கணக்குப்படி அமீரக நிறுவனம் 5,25,000 டாலருக்கு வாங்கி 15 இலட்சம் டாலருக்கு விற்றது. பீரங்கி இல்லாத கப்பல் சட்டத்தின் பார்வையில் சாதாரணக் கலம். ஆனால் ரோந்துக்கென வடிவமைத்த உடலும் பீரங்கியைத் தாங்கும் தளமும் அப்படியே இருக்கும். ஆவணங்களில் நிராயுதபாணியாகக் காணப்படும் கப்பல் சில வாரங்களில் மீண்டும் போர்க்கலமாவது இதனாலேயே. தடையைக் கடலில் செயற்படுத்துவதையும் பணியாகக் கொண்டிருந்த ஐரோப்பிய ஒன்றியத்தின் சோஃபியா நடவடிக்கையில் 2017இலேயே அயர்லாந்துக் கப்பல்கள் இணைந்திருந்தன என்பது இவ்விடத்தில் குறிப்பிடத்தக்கது.

உடன்பிறப்புக் கப்பல்களும் வேறு கடற்படைகளையே அடைந்தன. 2013இல் விற்கப்பட்ட எமர், 2015இல் 'ப்ராஸ்பெரிட்டி' என்னும் பெயரில் நைஜீரியக் கடற்படையில் இணைந்தது. ஈஃபா அதே ஆண்டு மால்ட்டாவுக்கு அரசுகளுக்கிடையே நேரடியாகக் கையளிக்கப்பட்டு பி62 என்னும் எண்ணைப் பெற்றது.