குத்தகையாளருக்குப் பின்னால் இருந்த முதலாளியைக் காட்டிய நீதிபதி

குத்தகையாளர் வழியாக வேலைக்குச் சேர்ந்தவருக்கு உண்மையான முதலாளி யார்? தோட்டத்தில் கங்காணியையும் தொழிற்சாலையில் குத்தகையாளரையும் பார்த்துப் பழகிய செமினி, காஜாங் வட்டாரத் தமிழர்களுக்கு இது புதிய கேள்வி அன்று. இந்திய உச்ச நீதிமன்றத்தில் 1978-இல் இதற்கு நேரடியாகப் பதில் எழுதியவர் நீதிபதி வி.ஆர். கிருஷ்ண அய்யர்.

கோழிக்கோட்டில் ஒரு கயிற்றுத் தொழிற்சாலை. அங்கு குத்தகையாளர்கள் மூலம் வந்த 29 தொழிலாளர்களுக்கு வேலை மறுக்கப்பட்டது. அவர்கள் தம்முடைய ஆட்கள் அல்லர் என்றார் உரிமையாளர். இடம் அவருடையது, மூலப்பொருள் அவருடையது, கருவிகளும் அவருடையவை. திரிக்கப்பட்ட கயிற்றை விற்பவரும் அவரே. அப்படியிருக்க, இடையில் ஓர் ஒப்பந்தத் தாள் இருப்பதால் மட்டும் முதலாளி மறைந்துவிட முடியாது என்று தீர்ப்பானது. தொழிலாளியின் பிழைப்பு யார் கையில் இருக்கிறதோ அவரே முதலாளி.

அதே ஆண்டில் மத்தியப் பிரதேசத்துக் கொத்தனார் ஒருவரின் வழக்கு வந்தது. ஜாமீனுக்குக் கேட்கப்பட்ட தொகை 10,000 ரூபாய். பொறுப்பேற்க அண்ணன் தம்பி உறவில் ஒருவர் முன்வந்தும், அவர் சொத்து வேறு மாவட்டத்தில் இருப்பதாகச் சொல்லி மறுத்துவிட்டார்கள். கிருஷ்ண அய்யர் அதை ஏற்கவில்லை. சொந்தப் பிணையாக 1,000 ரூபாய் போதும் என்று விடுவிக்கச் சொன்னார்.

ஏழையின் வழக்கு அவருக்குப் புத்தகத்தில் படித்த விஷயம் அல்ல. பாலக்காட்டுத் தமிழ்க் குடும்பத்தில் பிறந்தவர். சிதம்பரம் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்திலும் சென்னைச் சட்டக் கல்லூரியிலும் படித்துவிட்டு, 1930-களின் இறுதியில் தலச்சேரியில் தொழில் தொடங்கினார். விவசாயிகளும் தொழிற்சங்கத்தினரும் அவரைத் தேடி வந்தார்கள். கம்யூனிஸ்டுகளுக்குச் சட்ட உதவி செய்ததாக 1948-இல் அவரையே சிறையில் அடைத்தார்கள்.

1952-இல் சுயேச்சையாக வென்று சென்னைச் சட்டமன்றம் சென்றார். 1957-இல் கேரளத்தில் இ.எம்.எஸ். நம்பூதிரிபாடு அமைத்த அமைச்சரவையில் சட்டத்துடன் சிறைத்துறையும் அவரிடம் வந்தது. சிறையில் இருந்தவர் கையில் சிறைத்துறை! 1959-இல் அந்த அரசு கலைக்கப்பட்டதும் மீண்டும் வழக்கறிஞர் தொழில்.

1968-இல் கேரள உயர் நீதிமன்ற நீதிபதியானார். 1973-இல் உச்ச நீதிமன்றம் சென்றபோது, அரசியலில் இருந்தவர் என்று பம்பாய் வழக்கறிஞர்கள் சிலர் எதிர்த்தார்கள். அந்த ஐயம் நியாயமானதே. ஆனால் 1975 ஜூன் 24 அன்று இந்திரா காந்தியின் மனுவை விசாரித்து அவர் தந்த உத்தரவு யாருக்கும் சாதகமாக வளையவில்லை: பிரதமராக நீடிக்கலாம், அவையில் பேசலாம், வாக்களிக்கக் கூடாது. மறுநாள் இரவு நெருக்கடி நிலை வந்தது.

அவர் எழுதிய ஆங்கிலம் கடினம். அகராதியைத் தேட வைக்கும். ஆனாலும் திகார் சிறையிலிருந்து ஒரு கைதி, சக கைதிக்கு நேர்ந்த கொடுமையைச் சொல்லி எழுதிய கடிதத்தையே மனுவாக ஏற்ற அமர்வில் அவர் இருந்தார். வழக்கறிஞர் வைக்க வழியில்லாதவருக்கு அது பெரிய வாசல்.

இந்தியத் தீர்ப்புகள் மலேசிய நீதிமன்றங்களைக் கட்டுப்படுத்தா. ஆயினும் இங்குள்ள வழக்கறிஞர்கள் அவற்றை மேற்கோள் காட்டி வாதிடுவதுண்டு.

1980-இல் ஓய்வு பெற்றார். 1987-இல் குடியரசுத் தலைவர் தேர்தலில் நின்று, ஆர். வெங்கட்ராமனிடம் தோற்றார். 2014 டிசம்பர் 4 அன்று கொச்சியில் காலமானார்.