பழவேற்காட்டு ஏரியும் பெண்டிர் பாடும்

பழவேற்காட்டின் சமய வரலாற்றை எழுதப் புகுந்தோர் பெரும்பாலும் கோட்டையிலிருந்தே தொடங்குகின்றனர். ஒல்லாந்தரின் கெல்ட்ரியாக் கோட்டை, அதன் குருமார், அவர்கள் எழுதிய நூல்கள், இறந்தோர் கல்லறைகளில் பொறித்த எழுத்துகள் ஆகியவையே சான்றுகளாய் அடுக்கப்படுகின்றன. இச்சான்றுகள் மதிப்புடையனவே. ஆயினும் ஏரியைச் சூழ்ந்துள்ள குப்பங்களில் வாழ்ந்த பெண்கள் இவற்றுள் எங்கே நிற்கின்றனர் என்று தேடினால், மணப்பதிவிலும் அடிமைக் கணக்கிலும் அன்றி வேறெங்கும் அவர்களைக் காண்பது அரிது. வழக்கத்தை மீறிய பெண்கள் இக்கரையில் இல்லை என்று இதனால் முடிவு கட்டலாகாது. எழுதுகோல் யார் கையில் இருந்தது என்பதையே இது காட்டுகிறது.

ஆனால் கோட்டையின் தொடக்கத்திலேயே ஒரு பெண் நிற்கிறாள் என்பது பலர் கவனியாத செய்தி. 1610-ஆம் ஆண்டில் ஒல்லாந்தர் பழவேற்காட்டில் பண்டகசாலை அமைக்க ஒப்புதல் பெற்றபோது, அவ்வூர் விஜயநகர மன்னர் இரண்டாம் வேங்கடரின் அரசியருள் ஒருத்தியின் ஆளுகைக்கு உட்பட்டிருந்தது. அந்தப்புரத்தில் அடங்கியிருக்க வேண்டியவள் என்று எண்ணப்பட்ட ஒருத்தி, துறைமுகத்தின் வருவாயையும் அந்நியரோடு செய்யும் வாணிபத்தையும் தன் பொறுப்பில் வைத்திருந்தாள். 1612-இல் மயிலாப்பூர்ப் போர்த்துக்கீசியர் அப்பண்டகசாலையைத் தாக்கி அழித்தனர். அதன்பின் அரசியும் ஒல்லாந்தரும் உடன்பட்டுத் தொடங்கிய கோட்டையை ஒல்லாந்தரே கட்டி முடித்து, 1613-இல் தம் நாட்டின் கெல்டர்லாந்து மாகாணத்தின் பெயரை அதற்கு இட்டனர். கோட்டைக்கு மாகாணத்தின் பெயர் நிலைத்தது. அரசியின் பெயரோ ஆவணத்துக்கு ஆவணம் வெவ்வேறாய்த் திரிந்து கிடக்கிறது.

கோட்டையின் சபைக்கு வருவோம். ஒல்லாந்தக் கம்பெனியின் சிப்பாய்களும் எழுத்தர்களும் பெரும்பாலும் தனியராய் வந்தவர்கள். அவர்களுட் பலர் இந்நாட்டுப் பெண்களையும் போர்த்துக்கீசியக் கலப்புடைய குடும்பத்துப் பெண்களையும் மணந்தனர். கம்பெனியின் சட்டமோ, மணமகள் கிறிஸ்தவளாய் இருத்தல் வேண்டும் என்றது. ஆகவே பல பெண்களுக்குத் திருமுழுக்கு மணமேடையின் வழியாகவே வந்தது. சீர்திருத்தச் சபையின் ஞானோபதேசத்தை அவர்கள் எவ்வளவு அறிந்தனர் என்பதைவிட, யாருக்கு மனைவியாகின்றனர் என்பதே முன்னின்றது. தம் குலத்தையும் உறவையும் விட்டுக் கோட்டைக்குள் புகுந்த ஒரு பெண்ணின் செயலை நாம் துணிவு என்பதா, வறுமை என்பதா? இரண்டும் கலந்தே இருந்திருக்கக்கூடும். பதிவேடு அதைக் கேட்கவில்லை.

இச்சபைக்கு 1632 முதல் 1642 வரை போதகராயிருந்தவர் ஆபிரகாம் ரோஜேரியுஸ். பத்மநாபன் என்னும் பிராமணரிடம் போர்த்துக்கீசிய மொழியில் கேட்டறிந்து, தென்னாட்டுப் பிராமணரின் வாழ்க்கையையும் வழிபாட்டையும் பற்றி அவர் எழுதிய நூல் ஐரோப்பாவில் இந்து சமயத்தைக் குறித்த முதற்பெரும் நூல்களுள் ஒன்று. பர்த்ருஹரியின் செய்யுட்கள் ஐரோப்பிய மொழி ஒன்றிற்கு முதன்முதல் சென்றதும் அந்நூலின் வாயிலாகத்தான். இறையியல் மாணவர் எவரும் அறிந்திருக்க வேண்டிய நூல் அது. கணவனோடு உடன்கட்டை ஏறும் பெண்களைப் பற்றியும் ரோஜேரியுஸ் அதில் எழுதுகிறார். ஆனால் தம் கோட்டைக்கு நாள்தோறும் மீன் கொண்டுவந்த பெண்ணை அவர் பொருட்படுத்தியதாகத் தெரியவில்லை. இன்னொன்றும் கூற வேண்டும். அவர் 1649-இல் மறைந்தார். நூல் 1651-இல் லெய்டன் நகரில் அச்சேறியது. அதை வெளிக்கொணர்ந்தவர் அவருடைய விதவை மனைவியே. விதவையை எரிக்கும் வழக்கத்தை ஐரோப்பியருக்கு அறிவித்த நூல் ஒரு விதவையின் முயற்சியால் உலகைக் கண்டது.

கோட்டையின் மறுபக்கத்தையும் மறைக்கலாகாது. பஞ்சமும் போரும் வந்த காலங்களில், குறிப்பாக 1620-களிலும் 1646-ஐ ஒட்டியும், சோழமண்டலக் கரையிலிருந்து ஆயிரக்கணக்கான ஆண்களும் பெண்களும் சிறுவரும் அடிமைகளாய்ப் பத்தாவியாவுக்கு ஏற்றப்பட்டனர். பழவேற்காடு அவ்வாணிபத்தின் முதன்மையான துறைகளுள் ஒன்று. திருமுழுக்குப் பெற்று மனைவியானவளும், விலைக்கு விற்கப்பட்டுக் கப்பலேறியவளும் ஒரே பஞ்சத்தின் மக்களாய் இருந்திருக்கலாம்.

இவ்விடத்தில் தெற்கே திரும்பிப் பார்ப்பது பயன்தரும். தஞ்சையில் விதவையாகி, ஆங்கிலப் படைத்தலைவர் லிட்டல்டன் என்பாரோடு வாழ்ந்த மராத்தியப் பிராமணப் பெண்ணொருத்தி திருமுழுக்குக் கேட்டபோது சுவார்ட்ஸ் ஐயர் மறுத்தார். மணமாகாமல் ஓர் ஆணோடு வாழ்பவளுக்குத் திருமுழுக்கு ஆகாது என்பது அவர் கருத்து. லிட்டல்டன் இறந்தபின், 1778-இல் பாளையங்கோட்டையில் அவரே அவளுக்குக் குளோரிந்தா என்று பெயரிட்டுத் திருமுழுக்குக் கொடுத்தார். பழவேற்காட்டில் மணமுடிப்பதற்காகத் திருமுழுக்கு. தஞ்சையில் மணமில்லாமையால் திருமுழுக்கு மறுப்பு. இரு கரைகளிலும் ஒரு பெண்ணின் விசுவாசத்தை அவள் அருகில் நின்ற ஆணைக் கொண்டே சபை அளந்தது என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். குளோரிந்தாள் அவ்வளவுகோலுக்குள் அடங்கவில்லை. குலத்தார் தள்ளியதையும் குருவானவர் மறுத்ததையும் தாங்கி நின்று, 1780-ஆம் ஆண்டின் சபைப் பதிவேட்டில் நாற்பது பெயருள் முதற்பெயராய் விளங்கினாள். 1785-இல் ஆலயம் எழுப்பினாள். சபைக்கு உபதேசியார் வேண்டுமென்று தஞ்சைவரை சென்று கேட்டாள். அவளை நாம் நினைவுகூர்வதற்குக் காரணம் அவள் கட்டிய கற்கோயில் என்றே தோன்றுகிறது. கட்டுவதற்குக் காசில்லாத மீறல்காரிகள் நம் திருச்சபை வரலாற்றில் இடம்பெறுவது கடினம்.

பழவேற்காடு சீர்திருத்தத் திருச்சபைக்கு அடைக்கலமாயும் இருந்தது. 1746-இல் பிரெஞ்சுக்காரர் சென்னையைக் கைப்பற்றியபோதும், 1758-இல் லாலி முற்றுகையிட வந்தபோதும் பப்ரிசியுஸ் ஐயர் இவ்வூரில் ஒதுங்கினார். 1824-ஆம் ஆண்டு உடன்படிக்கையின்படி ஊர் அடுத்த ஆண்டில் ஆங்கிலேயர் கைக்கு மாறிற்று. கோட்டை அழிந்தது. கல்லறைகள் எஞ்சின, ஏரியும் எஞ்சிற்று.

அவ்வேரியின் சட்டம் கோட்டையின் சட்டத்தினும் நீண்டது. அதன் பெயர் பாடு. ஏரிமுகத்தை அடுத்து நீர் ஓடும் இடங்களில் எவர் எந்நாளில் எவ்விடத்தில் இறால் வலை கட்டலாம் என்பதைப் பட்டினவர் குப்பங்கள் சில தமக்குள் சீட்டுப்போட்டு வகுத்துக்கொள்ளும் முறை அது. வலியவன் எல்லாவற்றையும் வாரிக்கொள்ளாதபடி காக்கும் நல்ல ஏற்பாடுதான். மீன்வள ஆய்வாளரும் அதைப் பாராட்டியிருக்கின்றனர். ஆனால் சீட்டில் பெயர் வருவது தலைக்கட்டுக்கு. தலைக்கட்டு என்பதோ மணமான ஆண். பிற சாதியார்க்கு அதில் இடமில்லை. இதனால் பூசல்கள் பல எழுந்துள்ளன. பெண்ணுக்கு இடமில்லை என்பதைப் பற்றி அவ்வளவு பூசல் எழவில்லை. நம் வேதாகமத் தமிழில் ஆண்டவருடைய துன்பங்களைப் பாடுகள் என்கிறோம். பழவேற்காட்டில் உரிமைக்கும் அதே சொல். உரிமையாகிய பாடு ஆணுக்கும், துன்பமாகிய பாடு பெண்ணுக்கும் பங்கிடப்பட்டது போலும்!

எண்ணாகமம் இருபத்தாறாம் அதிகாரத்தில் கானான் நாடும் சீட்டினாலேயே பங்கிடப்பட வேண்டுமென்று கட்டளை பிறக்கிறது. அடுத்த அதிகாரத்திலேயே செலொப்பியாத்தின் குமாரத்திகள் ஐவர் மோசேக்கும் ஆசாரியனுக்கும் சபையனைத்துக்கும் முன்பாக வந்து நிற்கின்றனர். குமாரன் இல்லாமையால் தம் தகப்பன் பெயர் ஏன் அற்றுப்போக வேண்டும் என்பது அவர்கள் கேள்வி. கேள்வி நியாயமானது என்று கர்த்தரே தீர்ப்பளிக்கிறார். நம் பிரசங்கிகள் இதோடு நிறுத்திவிடுவது வழக்கம். முப்பத்தாறாம் அதிகாரத்தையும் வாசிக்க வேண்டும். அங்கே கோத்திரத் தலைவர் வந்து முறையிட, அப்பெண்கள் தம் கோத்திரத்துக்குள்ளேயே மணக்க வேண்டுமென்று எல்லை கட்டப்படுகிறது. பெற்ற உரிமைக்கு வேலி போடும் வேலை மிக விரைவில் தொடங்கிவிட்டது. ஆயினும் யோசுவாவின் நாளில் அவர்கள் மறுபடியும் வந்து கேட்டுத் தம் பங்கைப் பெற்றே சென்றனர். ஒருமுறை கேட்டால் போதாது என்பதை அவர்கள் அறிந்திருந்தனர்.

ஏரிக்கரைப் பெண்கள் சபை கூட்டிக் கேட்கவில்லை; நீரில் இறங்கினர். மீன் பிடிப்பது ஆணின் தொழில், விற்பது பெண்ணின் தொழில் என்பது கரையின் வழக்கு. கூடையைத் தலையிலேற்றி ஊர் ஊராய் நடந்து விற்று, காசைத் தன் முந்தானையில் முடிந்து வீட்டை நடத்தியவள் மீனவப் பெண். அடங்கிய பெண்ணுக்கு ஊரார் வகுத்த இலக்கணத்தை அவள் நாவும் நடையும் என்றும் மீறியே வந்துள்ளன. ஆயினும் அவ்வழக்கை அடியோடு கடந்தவர்கள் இருளர் முதலான எளிய மக்களின் பெண்களே. படகில்லை, வலையில்லை, பாட்டுரிமையுமில்லை. ஆழமில்லாத நீரில் குனிந்தும் அமர்ந்தும் சேற்றைக் கையால் தடவி இறாலைப் பிடித்து, பல்லில் கடித்துத் தொங்கவிட்ட ஓலைப் பறியில் இடுவர். வாயில் பறி இருக்கும் வரையில் பேச முடியாது. மணிக்கணக்கில் உப்புநீரில் ஊறும் அவ்வுடலைப் பற்றி நம் அருட்பணி அறிக்கைகளில் ஒரு வரியாவது வந்திருந்தால் நலமாயிருந்திருக்கும்.

அண்மைக் காலத்தில் அப்பெண்கள் பேசவும் நேர்ந்தது. ஏரியின் தெற்கே காட்டுப்பள்ளியில் 2013-இல் இயங்கத் தொடங்கிய துறைமுகத்தை ஏறக்குறைய 330 ஏக்கரிலிருந்து 6,110 ஏக்கராக விரிவாக்கும் திட்டம் முன்வைக்கப்பட்டது. கடற்கரை அரிக்கும், ஏரிமுகம் கெடும் என்று குப்பங்கள் எதிர்த்தன. எதிர்ப்பில் பெண்கள் பெருந்திரளாய் நின்றனர். ஊர்ப் பஞ்சாயத்தில் அமர இடம் பெறாதவர்கள் சாலையில் அமர்ந்தனர். 2021 ஜனவரி 22-இல் நடப்பதாயிருந்த பொதுமக்கள் கருத்துக்கேட்புக் கூட்டம் ஒத்திவைக்கப்பட்டது. 2023 செப்டம்பரில் குறிக்கப்பட்ட கூட்டமும் அவ்வாறே ஆயிற்று.

இத்தகைய திட்டங்களில் இழப்பீடு பேசப்படும்போது படகும் வலையும் எண்ணப்படுகின்றன. படகுக்குப் பதிவெண் உண்டு. வலைக்கு விலை உண்டு. பாட்டுக்குத் தலைக்கட்டு உண்டு. கையால் தடவிப் பிடிப்பவளுக்குக் காட்டுவதற்கு அவள் கைகளே உண்டு. அக்கைகளை எந்தப் பத்தியில் எழுதுவது என்று இதுவரை எவரும் கூறவில்லை.