நாவில் வேர்விட்ட நகைச்சுவை

ஹைதராபாத்தின் மாதாப்பூர் என்றதும் 1998-இல் திறக்கப்பட்ட தகவல் தொழில்நுட்பக் கட்டடமான சைபர் டவர்ஸ்தான் நினைவுக்கு வரும். ஆனால் தெலுங்குப் பட விழாக்கள் பல நடந்த சில்பகலா வேதிகா அரங்கமும் அங்கேதான் இருக்கிறது. அந்த மேடைகளில் நாயகனுக்கு இணையாகக் கைதட்டல் வாங்கியவர் நகைச்சுவை நடிகர் பிரம்மானந்தம். துணை நடிகருக்கு அந்த இடம் எப்படி வாய்த்தது? நாயகன் எம்மொழிக்கும் போவான், நகைச்சுவைக் கலைஞனோ தன் மொழியில் வேர்விட்டவன் என்பதே என் விடை.

சென்னையில் உருவான ‘மாயாபஜார்’ (1957) இதற்குச் சான்று. என்.டி. ராமராவ், சாவித்திரி, எஸ்.வி. ரங்காராவ் மூவரும் தெலுங்கு, தமிழ் இரண்டிலும் நடித்தார்கள். ஆனால் தெலுங்கில் நகைச்சுவை நடிகர் ரேலங்கி ஏற்ற லட்சுமணகுமாரன் வேடம் தமிழில் கே.ஏ. தங்கவேலுவிடம் போனது. நாயகன் அபிமன்யுவின் வேடமும்தான் நாகேஸ்வர ராவிடமிருந்து ஜெமினி கணேசனுக்கு மாறியது என்று மறுக்கலாம். உண்மைதான், ஆனால் அங்கே மாறியது முகம், இங்கே மாறியது பேச்சின் நடை.

தெலுங்கு விரிவுரையாளராக இருந்த பிரம்மானந்தம், இயக்குநர் ஜந்தியாலாவின் ‘அஹ நா பெள்ளண்ட’ (1987) படத்தில் கஞ்சனின் வேலைக்காரனாகப் புகழ்பெற்றார். ‘மணி’ (1993) என்ற குற்ற நகைச்சுவையில் கான் தாதாவாக நிலைத்தார். ‘மொழி’ என்ற தமிழ்ப் படத்தில் (2007) தமிழரும் அவரை ரசித்தார்களே எனலாம். ரசித்தோம், ஆயினும் இங்கே அவர் விருந்தாளி, அங்கே வீட்டுக்காரர். தெலுங்குத் திரையுலகம் சென்னையிலிருந்து ஹைதராபாத்துக்குப் பெயர்ந்தபோது கூடவே போனவை படப்பிடிப்புத் தளங்கள் மட்டுமல்ல. சிரிப்பும் தன் தாய்மண்ணுக்குத் திரும்பியது.